பிறர் மண்ணில் நம் எண்ணெய்

ஃபிர்தௌஸியின் ஷாநாமாவில் ருஸ்தம் என்ற மாவீரனுக்கு ரக்‌ஷ் என்றொரு குதிரை உண்டு. காவியத்தின் பெரும்பகுதியில் இணைபிரியாமல் வரும் இவ்விருவரும் கடைசியில் ஒரே குழியில் விழுந்து மடிகிறார்கள். பொறாமை கொண்ட தம்பி முறையான ஒருவன் ஈட்டிகளை நட்டு மூடிவைத்த குழி அது. புதிதாகத் தோண்டிய மண்ணின் வாசனை ரக்‌ஷின் நாசிக்கு எட்டிவிடுகிறது. அது தயங்கி நிற்கிறது. ருஸ்தமோ சவுக்கை ஓங்கி அதை முன்னே செலுத்துகிறான்.

1960களின் பிற்பகுதியில் பாரசீக வளைகுடாவின் கடற்படுகையில் கண்டறியப்பட்ட இரண்டு எண்ணெய் வயல்களுக்கு ருஸ்தம், ரக்‌ஷ் என்று பெயர் வைத்தார்கள். காவிய நாயகனின் பெயரையும் அவன் குதிரையின் பெயரையும் தாங்கிய அந்த வயல்களின் பங்குதாரர்களில் ஒருவர் இந்திய அரசு என்பது இன்று அநேகமாக மறக்கப்பட்ட செய்தி. சுதந்திரம் பெற்றுப் பதினெட்டு ஆண்டுகளே ஆகியிருந்த, அந்நியச் செலாவணிக்குத் தவித்துக்கொண்டிருந்த ஒரு நாடு, இன்னொரு நாட்டின் கடலடியில் எண்ணெய் தேடப் போன கதை அது. அங்கிருந்து தொடங்கி சூடான், சகலின், வெனிசுவேலா, மொசாம்பிக் என்று விரிந்த அந்தப் பயணத்தின் வரலாற்றைப் பொருளாதாரப் பக்கங்களில் வெற்றி தோல்விக் கணக்காகவே படித்துப் பழகியிருக்கிறோம். அதில் வேறொரு கணக்கும் இருக்கிறது.

தேடத் தொடங்கிய காலம்

இந்தியாவில் எண்ணெய் என்பது நெடுங்காலம் பர்மா-ஷெல், ஸ்டான்வாக், கால்டெக்ஸ் ஆகிய அயல் நிறுவனங்களின் தனிச்சொத்தாக இருந்தது. கச்சா எண்ணெயைக் கொண்டுவருவதும் அவர்கள், சுத்திகரிப்பதும் அவர்கள், விலை வைப்பதும் அவர்கள். 1960இல் சோவியத் யூனியன் குறைந்த விலைக்குக் கச்சா எண்ணெய் தர முன்வந்தபோது, இந்திய மண்ணில் நின்ற அந்தச் சுத்திகரிப்பு ஆலைகள் அதை வாங்க மறுத்துவிட்டன. எண்ணெய் இருந்தும் அதைக் காய்ச்சும் அடுப்பு நம் கையில் இல்லை என்பது தில்லிக்கு அப்போது உறைத்தது.

1956இல் எண்ணெய் மற்றும் இயற்கை எரிவாயு ஆணையத்தை, அதாவது இன்றைய ஓஎன்ஜிசியை, உருவாக்கியதில் பெரும்பங்கு வகித்தவர் கே. டி. மாளவியா. சோவியத் நிபுணர்களின் துணையோடு 1958இல் குஜராத்தின் காம்பே பகுதியிலும், 1960இல் அங்கலேஷ்வரிலும் எண்ணெய் கிடைத்தது. ஆனால் நாட்டின் தாகத்துக்கு அது போதவில்லை. வெளியே தேட வேண்டும் என்ற எண்ணம் அப்போதுதான் வேர்கொண்டது.

அதற்கு ஒரு முன்னோடி இருந்தார். இத்தாலிய அரசு நிறுவனமான எனியை நடத்திய என்ரிகோ மத்தேயி. எண்ணெய் உள்ள நாடுகளுக்கும் நிறுவனங்களுக்கும் லாபத்தில் பாதிக்குப் பாதி என்பதே அப்போதைய வழக்கம். 1957இல் மத்தேயி இரானோடு செய்துகொண்ட ஒப்பந்தம் அதை உடைத்தது. இரானின் தேசிய எண்ணெய் நிறுவனத்தையே கூட்டாளியாகச் சேர்த்துக்கொண்டு, வரியும் பங்குமாக லாபத்தில் முக்கால் பங்கு இரானுக்குப் போகும்படி அவர் ஏற்பாடு செய்தார். பெரிய நிறுவனங்கள் அவரை மன்னிக்கவில்லை. 1962 அக்டோபரில் விமான விபத்தில் அவர் இறந்தார். அந்த விபத்தைச் சுற்றிய சந்தேகங்கள் இத்தாலியில் இன்னும் ஓயவில்லை.

மத்தேயி காட்டிய அந்த வழியில்தான் 1965 ஜனவரியில் இரானோடு ஒரு புதிய கூட்டு ஏற்பட்டது. பாதி, இரானின் தேசிய எண்ணெய் நிறுவனத்துக்கு. மறுபாதியை மூன்றாகப் பிரித்து மத்தேயியின் எனியைச் சேர்ந்த அஜிப், அமெரிக்காவின் பிலிப்ஸ், நம் ஓஎன்ஜிசி ஆகிய மூன்றும் எடுத்துக்கொண்டன. ஆக, ஆறில் ஒரு பங்கு நமக்கு. இதற்காகவே 1965 மார்ச்சில் ஹைட்ரோகார்பன்ஸ் இந்தியா என்ற நிறுவனம் பதிவு செய்யப்பட்டது. 1989இல் ஓஎன்ஜிசி விதேஷ் என்று பெயர் மாறியது இந்நிறுவனம்தான். அன்றைய பெட்ரோலியத் துறை அமைச்சர் ஹுமாயூன் கபீர். வங்காளத்தில் கவிஞர், நாவலாசிரியர், சதுரங்க என்ற இலக்கிய இதழின் ஆசிரியர் என்று அறியப்பட்டவர். ஒரு கவிஞர் அமைச்சராயிருந்த காலத்தில் காவியப் பெயர் கொண்ட வயல்களுக்கு வழிபிறந்தது தற்செயல்தான் என்றாலும் நினைக்க இனிக்கிறது.

அதே ஆண்டுகளில் சென்னையை அடுத்த மணலியில் எழுந்த சுத்திகரிப்பு ஆலையிலும் இரானின் தேசிய எண்ணெய் நிறுவனம் பங்குதாரர். 1969இல் இயங்கத் தொடங்கிய அந்த ஆலை, டாரியஸ் என்ற இரானிய வயலின் கச்சா எண்ணெயைக் கருத்தில் வைத்து வடிவமைக்கப்பட்டது. பாரசீகப் பேரரசன் ஒருவனின் பெயரைச் சுமந்த எண்ணெய் மணலியில் காய்ச்சப்பட்டு நம் ஊர்களின் மண்ணெண்ணெய் விளக்குகளுக்கு வந்து சேர்ந்தது.

பெயர் மாறிய வயல்கள்

1979இல் இரானியப் புரட்சி வந்தது. அந்நியக் கூட்டு ஒப்பந்தங்கள் முடிவுக்கு வந்தன. ருஸ்தம் வயல் ரெஷாதத் ஆயிற்று, ரக்‌ஷ் ரெசாலத் ஆயிற்று. காவியப் பெயர்களின் இடத்தில் புரட்சியின் சமயச் சொற்கள் அமர்ந்தன. நாம் வெளியேறினோம்.

வயலின் கதை அதோடு முடியவில்லை. இரான்-இராக் போரின்போது 1987 அக்டோபர் 19 அன்று, அமெரிக்கப் போர்க்கப்பல்கள் ரெஷாதத்தின் கடல்மேடைகளைத் தாக்கி அழித்தன. இரான் தொடுத்த வழக்கில் 2003 நவம்பரில் பன்னாட்டு நீதிமன்றம் ஒரு விசித்திரமான தீர்ப்பை வழங்கியது. தாக்குதலுக்கு அமெரிக்கா சொன்ன பாதுகாப்புக் காரணம் ஏற்கத்தக்கதல்ல என்றது. ஆனால் இழப்பீடும் இல்லை என்றது. முந்தைய இராக்கியத் தாக்குதல்களால் அந்த மேடைகளில் உற்பத்தி நின்றுபோயிருந்ததால், தாக்கப்பட்ட நேரத்தில் பாதிக்கப்படுவதற்கு இரு நாடுகளுக்கிடையே எண்ணெய் வாணிபமே இருக்கவில்லை என்பது வாதம். நாம் ஒருகாலத்தில் பங்கு வைத்திருந்த இடம் உலக வரலாற்றில் இப்படித்தான் பதிவாகியிருக்கிறது.

முதல் பாடம் அங்கேயே எழுதப்பட்டுவிட்டது. தோண்டும் உரிமையை வாங்கலாம், எடுத்ததில் பங்கு கேட்கலாம். ஆனால் அந்த நிலத்தின் வரலாறு நம்மிடம் அனுமதி கேட்டு நகர்வதில்லை.

சூடான்: விற்றவர் போன வழி

1988இல் வியட்நாமின் தென்கடலில் ஒரு வட்டாரம் கிடைத்தது. லான் தாய், லான் தோ என்ற வாயு வயல்கள் அங்கே கண்டறியப்பட்டன. 2001இல் ரஷ்யாவின் சகலின்-1 திட்டத்தில் 20 விழுக்காடு வாங்கப்பட்டது. அன்றைக்கு இந்தியா அயல்நாட்டில் செய்த மிகப்பெரிய முதலீடுகளில் ஒன்று அது. அடுத்தது சூடான். என் கட்டுரையின் மையம் இங்கேதான் இருக்கிறது.

தெற்கு சூடானின் பெண்டியு பகுதியில் 1970களின் இறுதியில் எண்ணெயைக் கண்டது அமெரிக்காவின் செவ்ரான். 1983இல் உள்நாட்டுப் போர் மீண்டும் மூண்டது. அடுத்த ஆண்டு ஊழியர் மூவர் கொல்லப்பட்டதும் செவ்ரான் வேலையை நிறுத்தியது. பின்னர் அந்த வயல்கள் கைமாறி, சீனாவின் தேசிய நிறுவனத்துக்கு 40, மலேசியாவின் பெட்ரோனாஸுக்கு 30, கனடாவின் டாலிஸ்மனுக்கு 25, சூடான் அரசு நிறுவனத்துக்கு 5 விழுக்காடு என்ற கூட்டின் கீழ் வந்தன. 1999இல் செங்கடல் வரை 1,500 கிலோமீட்டருக்கும் மேல் நீண்ட குழாய் திறக்கப்பட்டு ஏற்றுமதி தொடங்கிற்று.

அந்த மண்ணில் வாழ்ந்தவர்கள் நுவேர், டிங்கா மக்கள். மானுடவியல் படித்தவர்களுக்கு நுவேர் என்ற பெயர் புதிதல்ல. இவான்ஸ்-பிரிட்சர்டு 1940இல் வெளியிட்ட நூலின் தலைப்பே அது. மாடுதான் அவர்கள் வாழ்க்கையின் அச்சு. உறவு, திருமணம், பகை, வழிபாடு எல்லாம் மாட்டைச் சுற்றியே. பழந்தமிழில் மாடு என்ற சொல்லுக்குச் செல்வம் என்ற பொருள் உண்டு. ஆநிரை கவர்தலை ஒரு திணையின் பொருளாகவே வகுத்த மொழி நம்முடையது. மாட்டை இழப்பது என்றால் என்னவென்று நமக்கு யாரும் விளக்கத் தேவையில்லை. வயல்களைச் சுற்றிய நிலத்தைக் காலி செய்வதற்காக அரசுப் படைகளும் அதன் துணைப் படைகளும் ஊர்களை எரித்து, மந்தைகளைக் கவர்ந்து, மக்களை விரட்டின. கனடிய அரசு அனுப்பிய ஜான் ஹார்க்கரின் குழு, எண்ணெய் போரைத் தீவிரப்படுத்துகிறது என்றும், ஹெக்லிக்கில் இருந்த விமானத்தளத்தை ராணுவம் பயன்படுத்தியது என்றும் 2000 ஜனவரியில் அறிக்கை தந்தது.

கனடாவிலும் அமெரிக்காவிலும் தேவாலய அமைப்புகள் எதிர்ப்புக் குரல் எழுப்பின. ஓய்வூதிய நிதியங்கள் டாலிஸ்மன் பங்குகளை விற்றன. 2001இல் சூடானின் பிரஸ்பிடீரியன் திருச்சபை நியூயார்க்கில் வழக்குத் தொடுத்தது. கடைசியில் டாலிஸ்மன் விலக முடிவு செய்தது. 2002 அக்டோபரில், 75 கோடி டாலரை ஒட்டிய விலைக்கு, அந்த 25 விழுக்காட்டை வாங்க முன்வந்தது ஓஎன்ஜிசி விதேஷ். 2003 மார்ச்சில் பங்கு கைமாறியது. மே மாதம் சூடானிய எண்ணெய் ஏற்றிய முதல் கப்பல் மங்களூர் வந்து சேர்ந்தது. நாட்டுக்கு வெளியே நமக்குச் சொந்தமான எண்ணெய் நம் கரையைத் தொட்டது என்று அது கொண்டாடப்பட்டது.

அந்தக் கொண்டாட்டத்தில், விற்றவர் ஏன் விற்றார் என்ற கேள்வி ஏறக்குறைய எழவே இல்லை.

இங்கே நியாயமாகச் சிலவற்றைச் சொல்லியாக வேண்டும். டாலிஸ்மன் மீதான வழக்கு 2006இல் தள்ளுபடியானது. மேல்முறையீடும் 2009இல் தோற்றது. தீங்கு செய்யும் நோக்கத்தோடு நிறுவனம் உதவியதற்குச் சான்றில்லை என்றது நீதிமன்றம். நாம் நுழைந்த சில ஆண்டுகளில், 2005 ஜனவரியில், வடக்கும் தெற்கும் சமாதான உடன்படிக்கை செய்துகொண்டன. ஊர்கள் எரிந்ததற்கு இந்திய நிறுவனத்தை யாரும் குற்றம் சாட்டவில்லை. நாம் வாங்காவிட்டால் அந்தப் பங்கைச் சீனமோ மலேசியாவோ வாங்கியிருக்கும் என்பதும் உண்மையாக இருக்கக்கூடும். நூறு ஆண்டுகளாக மற்றவர் மண்ணைத் தோண்டிக் கொழுத்த நாடுகள், வரிசையில் கடைசியாக வந்த நமக்கு அறம் போதிப்பதில் உள்ள முரணும் கண்கூடு.

ஆனாலும் தனியார் நிறுவனத்துக்கும் அரசு நிறுவனத்துக்கும் ஒரு வேறுபாடு உண்டு. டாலிஸ்மனின் பங்குதாரர் சங்கடப்பட்டால் பங்கை விற்றுவிட்டுப் போகலாம். பலர் அப்படியே போனார்கள். ஓஎன்ஜிசி விதேஷின் உடைமையாளர் இந்தியக் குடிமகன். அவன் விற்றுவிட்டுப் போக வழியில்லை. அப்படியானால் கேட்கவாவது வேண்டும். கனடாவில் நாடாளுமன்றத்திலும் தேவாலயத்திலும் பங்குதாரர் கூட்டத்திலும் ஆண்டுக்கணக்கில் நடந்த விவாதத்தின் நிழல்கூட நம்மிடையே விழவில்லை. தமிழ்ச் சிற்றிதழ்களும் இதில் விலக்கல்ல என்பதை வெட்கத்தோடு ஒப்புக்கொள்ள வேண்டும்.

2004இல் அருகிலுள்ள 5ஏ வட்டாரத்திலும் ஆஸ்திரிய நிறுவனத்தின் பங்கை நாம் வாங்கினோம். அதே வட்டாரத்தில் 2003 வரை செயல்பட்ட சுவீடனின் லுண்டின் நிறுவனத்தைச் சேர்ந்த இருவர், 1999 முதல் 2003 வரை நடந்த போர்க்குற்றங்களுக்குத் துணைபோனதாக 2021இல் குற்றம் சாட்டப்பட்டார்கள். அவர்கள் அதை மறுக்கிறார்கள். 2023 செப்டம்பரில் ஸ்டாக்ஹோமில் விசாரணை தொடங்கிற்று. குற்றச்சாட்டின் காலம் நம் வருகைக்கு முந்தையது. ஆனால் நாம் விலைகொடுத்து வாங்கிய நிலம் அதுவேதான்.

எண்ணெய் எங்கே போகிறது?

வெளிநாட்டில் வயல் வாங்கினால் அந்த எண்ணெய் நம் வீட்டு அடுப்புக்கு வரும் என்பது பரவலான நம்பிக்கை. நடைமுறை வேறு. உற்பத்திப் பகிர்வு ஒப்பந்தத்தில், எடுக்கும் எண்ணெயின் ஒரு பகுதியை முதலில் செலவுக்கு ஈடாக நிறுவனங்கள் எடுத்துக்கொள்ளும். மிஞ்சியது லாப எண்ணெய். அதை அரசும் நிறுவனங்களும் பங்கிடும். கூட்டாளிகள் முறைவைத்துக் கப்பலில் ஏற்றிக்கொள்வார்கள். ஏற்றியதை ஊருக்குக் கொண்டுவருவதா, வழியிலேயே விற்பதா என்பதைக் கப்பல் கூலியும் எண்ணெயின் குணமும் தீர்மானிக்கும். சூடானின் நைல் கலவை மெழுகுத்தன்மை மிக்கது, கிழக்காசியச் சந்தைக்குத் தோதானது. சகலினின் எண்ணெய் ஏறும் தெ-காஸ்த்ரி துறைமுகம் ஜப்பானுக்கும் கொரியாவுக்கும் பக்கத்து வீடு, நமக்கோ பெருந்தொலைவு. ஆகவே 2022க்கு முன் பெரும்பாலும் அது அங்கேயே விற்கப்பட்டது. அந்தப் பணத்தின் மதிப்பில் நாம் வளைகுடாவில் வாங்கிக்கொண்டோம். கப்பல்கள் சில வேளை வந்ததுண்டு. ஆனால் வயலின் உண்மையான பயன் விலையேற்றத்துக்கு எதிரான காப்பீடு போன்றது. ஓஎன்ஜிசி விதேஷின் ஓராண்டு உற்பத்தி, எண்ணெயும் வாயுவும் சேர்த்து, ஏறத்தாழ ஒரு கோடி டன். இந்தியா ஆண்டொன்றுக்கு எரிப்பது 23 கோடி டன்னுக்கும் மேல்.

பணமாவது தடையின்றி வருகிறதா என்றால், அதுவும் எப்போதும் இல்லை. வெனிசுவேலாவில் 2008இல் வாங்கிய சான் கிறிஸ்தோபல் வயலின் ஈவுத்தொகை ஆண்டுக்கணக்கில் நிலுவையில் கிடந்தது. சிரியாவில் 2005இல் சீனத்தோடு சேர்ந்து வாங்கிய பங்கு உள்நாட்டுப் போரிலும் தடைகளிலும் செயலிழந்தது. 2009இல் 210 கோடி டாலருக்கு வாங்கிய சைபீரியாவின் இம்பீரியல் எனர்ஜி எதிர்பார்த்த எண்ணெயைத் தரவில்லை. தலைமைக் கணக்குத் தணிக்கையாளரின் கண்டனத்தைத்தான் பெற்றுத்தந்தது. மொசாம்பிக்கின் ரோவுமா வாயுத் திட்டம், 2021இல் பால்மா நகரின் மீது நடந்த தாக்குதலுக்குப் பின் ஆண்டுக்கணக்கில் முடங்கியது. 2022இல் உக்ரைன் போரையொட்டி எக்ஸான் வெளியேற, சகலின்-1 புதிய ரஷ்ய நிறுவனத்தின் கீழ் கொண்டுவரப்பட்டது. நாம் நம் 20 விழுக்காட்டைத் தக்கவைத்துக்கொண்டோம்.

சூடானில் போட்ட முதல் சில ஆண்டுகளிலேயே திரும்பி வந்தது உண்மை. ஆனால் 2011 ஜூலையில் நாடு இரண்டானது. பெரும்பாலான எண்ணெய் தெற்கில், குழாயும் துறைமுகமும் வடக்கில். குழாய்க் கூலித் தகராறில் 2012 ஜனவரியில் தெற்கு உற்பத்தியையே நிறுத்தியது. ஏப்ரலில் ஹெக்லிக்குக்காகப் போர் நடந்தது. ஹெக்லிக் என்பது அரபுப் பெயர்; பாலைநில மரமொன்றைக் குறிப்பது. தெற்கத்தியர் அதே ஊரைப் பான்தோ என்கிறார்கள். 2013 டிசம்பரில் தெற்குக்குள்ளேயே போர் மூண்டது. பெண்டியு பலமுறை கைமாறியது. அங்கிருந்த ஐ.நா. முகாமில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் சேற்றுநீரில் வாழ்ந்தார்கள். எண்ணெய்க் கிணறுகளிலிருந்து அந்த முகாம் வெகுதொலைவில் இல்லை.

நம் ஊரின் கிணறு

2004 முதல் 2006 ஜனவரி வரை, வெளிநாட்டு வயல்களுக்கான வேட்டை உச்சத்திலிருந்த காலத்தில், பெட்ரோலிய அமைச்சராக இருந்தவர் மயிலாடுதுறைத் தொகுதியின் உறுப்பினர் மணிசங்கர் ஐயர். அங்கோலாவிலும் கஜகஸ்தானிலும் சீன நிறுவனங்களிடம் தோற்ற பிறகு, போட்டியிட்டு விலையை ஏற்றுவதைவிடக் கூட்டுச்சேர்வது மேல் என்று பெய்ஜிங் போனவர் அவர். அவருடைய தொகுதி காவிரிப் படுகையின் மேல் அமர்ந்திருக்கிறது. குத்தாலத்தின் வயல்களுக்கு நடுவே அதே ஓஎன்ஜிசியின் கிணறுகள் உண்டு.

2017இல் கதிராமங்கலத்தில் குழாய் கசிந்து வயலில் எண்ணெய் பரவியபோது ஊர் திரண்டது, கைதுகள் நடந்தன, தமிழகம் முழுக்கப் பேசியது. 2020இல் டெல்டா பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலமாகச் சட்டம் இயற்றப்பட்டது. கதிராமங்கலத்தையும் பெண்டியுவையும் ஒரே தராசில் வைப்பது அபத்தம். அங்கே ஊர்கள் எரிக்கப்பட்டன. இங்கே சட்டமன்றம் இருந்தது, நீதிமன்றம் இருந்தது, தமிழில் எழுதும் பத்திரிகைகள் இருந்தன. ஆனால் அந்த வேறுபாடே என்னை உறுத்துகிறது. காலடி மண்ணுக்குக் கீழே உள்ளது யாருடையது என்று கேட்கும் உரிமையை நாம் நமக்காகக் கேட்டுப் பெற்றோம். அதே கேள்வியை நம் பணத்தில் வாங்கிய வயல்களின் மீது வாழ்ந்தவர்களுக்காக நாம் ஒருமுறையும் கேட்கவில்லை.

மீண்டும் பாரசீகம்

கதை தொடங்கிய இடத்துக்கே திரும்பியது. 2002 டிசம்பரில் இரானின் ஃபார்சி வட்டாரத்தில் தேடும் ஒப்பந்தம் இந்தியக் கூட்டமைப்புக்குக் கிடைத்தது. 2008இல் பெரும் வாயு வயலொன்றை நம்மவர் கண்டறிந்தார்கள். அதற்கு ஃபர்ஸாத்-பி என்று பெயர். ஃபர்ஸாத் என்றால் சீரோடு பிறந்தவன் என்று பொருள். தடைகளும் விலைப் பேரமும் ஆண்டுகளைத் தின்றன. 2021 மே மாதம் இரான் அந்த வயலை மேம்படுத்தும் பணியைத் தன் சொந்த நிறுவனமான பெட்ரோபார்ஸிடம் ஒப்படைத்தது. கண்டுபிடித்தவர்கள் வெறுங்கையோடு நின்றார்கள். நம் நாளிதழ்கள் அதை இழப்பு என்று எழுதின. இரானியர் ஒருவர் அதை எப்படி எழுதியிருப்பார் என்று யோசித்துப் பார்க்கலாம். 1960இல் மாளவியா விரும்பியதும் இதைத்தானே?

எரிபொருள் இல்லாமல் இந்தியா இயங்க முடியாது. வெளியே தேடாமலும் இருக்க முடியாது. இதை எழுதும் நானும் அந்த எண்ணெயில் ஓடும் பேருந்தில்தான் போய்வருகிறேன். வாங்காதே என்று சொல்லும் தகுதி எனக்கில்லை. வாங்குமுன் விற்பவர் ஏன் போகிறார் என்று விசாரிப்பது, வீடு வாங்கும் எந்தக் குடும்பமும் செய்கிற காரியம். அதை ஒரு தேசமும் செய்யலாம்.

ருஸ்தமுக்கு எல்லாப் பலமும் இருந்தது. மண்ணின் வாசனையை அறிந்தது குதிரைதான். அது தயங்கிய கணத்தில் அவன் சவுக்கை எடுக்காமல் ஒரு நிமிடம் நின்றிருக்கலாம்.